கிராம உதவியாளர் தேர்வை எதிர்த்து வழக்குப் போட்ட அனுபவம்

2022 இறுதியில் கிராம உதவியாளர் வேலைக்கு விண்ணப்பித்தவர்களில் நானும் ஒருத்தி. தமிழில் வாசிக்கச் சொன்னார்கள், எழுதச் சொன்னார்கள், அப்புறம் நேர்காணல். நியமிக்கும் அதிகாரம் தாசில்தாருடையது. யாருக்குக் கிடைக்கும் என்று ஊரில் முன்பே ஒரு பெயர் அடிபட்டது. கடைசியில் அதே பெயர்தான் வந்தது.

ஊர்ப்பேச்சை வைத்து வழக்குப் போட முடியாது, மதிப்பெண் பட்டியல் கையில் வேண்டும் என்றார் வக்கீல். பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போட்டேன். முப்பது நாளில் பதில் தர வேண்டும். வந்தது: ‘மூன்றாம் நபர் தகவல், தர இயலாது.’ மேல்முறையீட்டுக்குப் பிறகுதான் நகல் கிடைத்தது. எழுத்துத் தேர்வில் எனக்கே அதிகம். தேர்வானவரின் நேர்காணல் மதிப்பெண் கட்டத்தில் மட்டும் பழைய எண்ணின் மேல் புது எண். ஜெராக்ஸிலேயே அடியில் இருந்த எண்ணின் வளைவு தெரிந்தது. பக்கத்தில் திருத்தியவரின் சுருக்கொப்பம் இல்லை. என் வழக்கு மொத்தமும் அந்த ஒரு கட்டம்தான்.

உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு, அதாவது அரசு அதிகாரியின் முடிவை எதிர்த்து நேரடியாக உயர்நீதிமன்றத்தில் போடும் மனு, போட்டோம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. உயர்நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவில் கேட்டால் வக்கீல் தருவார்கள். இதைத் தாலுகா ஆபீசில் யாரும் சொல்ல மாட்டார்கள். அரசியல் சட்டம் 226-வது பிரிவில் வரும் ரிட்டுக்குக் கெடு தேதி எதுவும் இல்லை. அதை நம்பி ஆறப்போட்டால், தாமதத்தையே காரணம் காட்டித் தள்ளிவிடுவார்கள்.

எனக்குச் சங்கடமாக இருந்தது ஒன்றுதான். தேர்வானவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவரைக் கேட்காமல் அவர் வேலையில் கோர்ட் கை வைக்காது. பக்கத்துத் தெருக்காரி, என்னை அக்கா என்று கூப்பிட்ட பெண். நோட்டீஸ் போன பிறகு தண்ணீர்க் குழாயடியில் பேச்சு நின்றுவிட்டது. எண்ணை மாற்றியது அவள் இல்லையே.

தடை ஆணை கேட்டோம், கிடைக்கவில்லை. ‘நியமனம் இந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது’ என்று மட்டும் உத்தரவானது. அவள் வேலையில் சேர்ந்துவிட்டாள். எனக்கு எரிச்சல்தான். ஆனால் ‘ரொம்ப நாளாக வேலை பார்க்கிறார்’ என்று பிறகு யாரும் சொல்லித் தப்ப முடியாதபடி அந்த ஒரு வரி காப்பாற்றியது.

விசாரணையில் அரசு வக்கீலின் பெரிய வாதம்: தேர்வில் கலந்துகொண்டு தோற்றவர், பிறகு அதையே குறை சொல்லக் கூடாது. உச்ச நீதிமன்றம் பல முறை சொன்னதுதான். எங்கள் வக்கீல் விடவில்லை. தேர்வு முறை தப்பென்று நாங்கள் சொல்லவே இல்லை, அந்த முறைப்படி போட்ட எண்ணை யார், எப்போது, ஏன் மாற்றினார் என்றுதான் கேட்கிறோம் என்றார். அசல் கோப்பை வரவழைத்துப் பார்த்த நீதிபதியும் அதையே கேட்டார். அந்தப் பக்கம் பதில் இல்லை.

நியமனம் ரத்தானது. அந்த வேலையை எனக்குத் தரச் சொல்லவில்லை; பெரும்பாலும் அப்படிச் சொல்லவும் மாட்டார்கள். வேறு அதிகாரிகளை வைத்து நேர்காணலை மறுபடி நடத்தச் சொன்னார்கள். உத்தரவு நகலைத் தாலுகா ஆபீசில் கொடுத்து, என் பிரதியில் தேதியோடு முத்திரை வாங்கிக்கொண்டேன். கையோடு கேவியட்டும் போட்டோம்; எங்களைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்று முன்கூட்டியே கொடுக்கும் மனு அது. அதனால்தான் எதிர்த்தரப்பு மேல்முறையீட்டுக்குப் போனபோது எங்களுக்குத் தெரியாமல் தடை வாங்க முடியவில்லை. மறு நேர்காணலுக்கு அழைப்புக் கடிதம் வந்திருக்கிறது.