தமிழ் வகுப்புக் கணினியில் குடியிருந்த கேம்களைக் காலி செய்த கதை

டர்பனில், சாட்ஸ்வொர்த் பக்கம் ஒரு கோயில் கூடத்தில் எங்கள் சனிக்கிழமைத் தமிழ் வகுப்பு நடக்கிறது. அங்கே இருக்கும் டெஸ்க்டாப் நன்கொடையாக வந்தது. கொடுத்த வீட்டுப் பையன் மேல்படிப்புக்குக் கேப்டவுன் போகும்போது லேப்டாப் வாங்கிக்கொண்டான், இது எங்களுக்கு வந்து சேர்ந்தது. கேம் ஆடுவதற்கென்றே பார்த்துப் பார்த்துச் சேர்த்த பெட்டி. பெரிய கிராஃபிக்ஸ் கார்டு, கண்ணாடிப் பக்கம், உள்ளே நீல விளக்கு எல்லாம் உண்டு. அதில்தான் நாங்கள் 'அம்மா, ஆடு, இலை' காட்டிக்கொண்டிருக்கிறோம்.

இடம் மட்டும்தான் இல்லை. 512 ஜிபி எஸ்எஸ்டி, சி டிரைவில் எப்போதும் சிவப்புக் கோடு. விண்டோஸ் அப்டேட் பாதியில் நின்றுவிடும். ஸ்கேன் செய்த பாடங்களைச் சேமிக்கப் போனால் இடமில்லை என்று வரும். போதாததற்கு, ப்ரொஜெக்டரில் ஆத்திசூடி ஓடும்போது திரையின் மூலையில் ஏதோ ஒரு கேமுக்குத் தள்ளுபடி என்று அறிவிப்பு எட்டிப் பார்க்கும். அவ்வளவுதான், அதற்கப்புறம் ஔவையாரை யார் கவனிப்பார்கள்?

"எல்லாத்தையும் வழிச்சு எறிஞ்சிடுப்பா, பிள்ளைங்களைக் கெடுக்கிற சனியன்" என்றார் கமிட்டி மாமா ஒருவர். ஞாயிறு தவறாமல் துனீ என்ற சீட்டாட்டத்துக்கு உட்காருகிறவர் அவர். நான் ஒன்றும் சொல்லவில்லை.

மொத்தமாக ஃபார்மட் செய்திருக்கலாம். ஒரு கணினி கைமாறும்போது செய்ய வேண்டியதும் அதுதான். ஆனால் இது கைமாறி ரொம்ப நாளாகிவிட்டது. ப்ரொஜெக்டர், ஸ்கேனர், தமிழ் விசைப்பலகை எல்லாம் ஒருவழியாக அமைந்து ஓடிக்கொண்டிருந்தன, அதை மறுபடி கிளற யாருக்கும் தெம்பில்லை. அப்புறம் பையனே வாட்ஸ்அப்பில் ஒரு வேண்டுகோள் அனுப்பியிருந்தான்: "அங்கிள், தூக்கறதுக்கு முன்னாடி ஒரு தடவை என்கிட்ட கேளுங்க." ஆங்கிலத்தில்தான் எழுதினான். அவனுக்கு வரும் தமிழ் ஆயாவிடம் சாப்பாடு கேட்கும் அளவுக்கு மட்டும். நான் இங்கே தமிழில் எழுதிக்கொள்கிறேன்.

முதல் சிக்கல், கேம்கள் எல்லாம் அவன் கணக்கில் இருந்தன. கேம்களை வாங்கவும் இறக்கி ஆடவும் பயன்படும் ஸ்டீம் என்ற நிரலைத் திறந்தால் உள்நுழையச் சொல்லி நின்றது. பாஸ்வேர்டைக் கேட்டு வாங்க எனக்கு மனமில்லை. ஸ்டீம் உள்நுழைவுத் திரையில் ஒரு க்யூஆர் கட்டம் தெரியும். கைபேசியில் இருக்கும் ஸ்டீம் செயலியால் அதைப் படித்து ஒப்புதல் கொடுத்தால் பாஸ்வேர்டு தட்டாமலே திறந்துகொள்ளும். வீடியோ அழைப்பில் என் கைபேசியைத் திரைக்கு நேராகப் பிடித்தேன். அவன் தன் லேப்டாப்பில் தெரிந்த கட்டத்தைக் கைபேசியால் படித்தான். கட்டம் சற்றைக்கொரு தடவை மாறிக்கொண்டே இருக்கும், அதனால் கை ஆடாமல் பிடிக்க வேண்டும். இதைப் படித்துவிட்டு யாரும் முகம் தெரியாதவர் காட்டும் கட்டத்தைப் படித்துவிடாதீர்கள். கணக்குத் திருடுகிறவர்களும் இதே வழியில்தான் வருகிறார்கள். நாங்கள் முகம் பார்த்துப் பேசிக்கொண்டே செய்தோம்.

உள்ளே போனதும் ஒரு விஷயத்தை அவனுக்கு உறுதிப்படுத்த வேண்டியிருந்தது. அன்இன்ஸ்டால் செய்தால் காசு கொடுத்து வாங்கியது போய்விடுமா? போகாது. அன்இன்ஸ்டால் என்பது இந்தக் கணினியில் இருக்கும் ஃபைல்களை மட்டும் எடுக்கிறது. வாங்கிய உரிமை கணக்கில் அப்படியே இருக்கும், எப்போது வேண்டுமானாலும், எந்தக் கணினியிலும் திரும்ப இறக்கிக்கொள்ளலாம். லைப்ரரியில் கேமின் பெயர் மேல் வலது க்ளிக் செய்து 'மேனேஜ்' போனால் அன்இன்ஸ்டால் இருக்கிறது. அதே மெனுவில் 'ரிமூவ் ஃப்ரம் அக்கவுண்ட்' என்றும் ஒன்று உண்டு. அது வேறு சமாச்சாரம். கணக்கிலிருந்தே நீக்கிவிடும், பிறகு வேண்டுமென்றால் திரும்ப வாங்கத்தான் வேண்டும். அந்தப் பக்கம் நாங்கள் போகவே இல்லை. கண்ணில் படாமல் இருந்தால் போதும் என்கிறவர்களுக்கு 'ஹைட்' இருக்கிறது, ஆனால் அதனால் ஒரு எம்பி கூட மிச்சமாகாது.

ஒவ்வொன்றாக வலது க்ளிக் செய்வதைவிட, ஸ்டீமின் ஸெட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' பக்கம் போவது எவ்வளவோ மேல். எந்த டிரைவில் எந்தக் கேம் எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது, கடைசியாக எப்போது ஆடியது, எல்லாம் ஒரே பட்டியலில் தெரிகிறது. வேண்டியதை டிக் செய்துகொண்டே போய்க் கீழே ஒரே அழுத்தில் அன்இன்ஸ்டால். அளவுப்படி வரிசைப்படுத்தியதும் தலையில் நின்றது ஜிடிஏ 5, கிட்டத்தட்ட 120 ஜிபி. அதற்கடுத்துக் கால்பந்து, ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி 24, அதற்கு அந்த நிறுவனமே 100 ஜிபி ஒதுக்கச் சொல்கிறது. இந்த இரண்டு பேரே பாதி வீட்டை எடுத்துக்கொண்டார்கள். கவுண்டர்-ஸ்ட்ரைக் 2, ஆடியே பார்க்காத சின்னச் சின்னக் கேம்கள் எல்லாம் அதற்குக் கீழே.

சின்னதுகளை அவன் தயங்காமல் தூக்கச் சொன்னான். ஜிடிஏவுக்கு வந்ததும் பேச்சு நின்றது. விடுதி இணையத்தில் 120 ஜிபி இறக்குவது நடக்கிற காரியமில்லை, மொபைல் டேட்டாவில் இறக்கினால் ராண்ட் கணக்கு அவன் அப்பாவுக்குப் போகும். அதனால் அதை அழிக்காமல் நகர்த்தினோம். அதே ஸ்டோரேஜ் பக்கத்தில் ஒரு எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கைப் புது டிரைவாகச் சேர்த்து, ஜிடிஏவை டிக் செய்து 'மூவ்' கொடுத்தால் ஸ்டீமே ஃபைல்களைப் புது இடத்துக்குக் கொண்டுபோய் வைத்துவிட்டு எஸ்எஸ்டியில் இருப்பதை எடுத்துவிடுகிறது. அவன் தன் லேப்டாப்பில் அந்த டிஸ்க்கைச் செருகி, அங்கேயும் ஸ்டோரேஜில் அதைச் சேர்த்தால் கேம் தெரிந்துகொள்ளும், அப்டேட் மட்டும் வந்தால் போதும். டிஸ்க்கை அவன் அம்மா கேப்டவுன் போகும்போது முறுக்கு டப்பாவோடு எடுத்துப் போனார்.

சேவ் ஃபைல் விஷயத்தில் நிதானம் வேண்டும். ஸ்டீம் க்ளவுட் வசதி உள்ள கேம் என்றால் ஆடிய இடம் வரை கணக்கிலேயே பத்திரமாக இருக்கும். லைப்ரரியில் அந்தக் கேமின் பக்கத்தில் மேகச் சின்னம் தெரியும், அதைப் பார்த்துக்கொண்டால் போதும். ஆனால் எல்லாக் கேமுக்கும் அது கிடையாது. ஜிடிஏவின் கதைப் பகுதி சேவ்கள் டாகுமெண்ட்ஸுக்குள் 'ராக்ஸ்டார் கேம்ஸ்' என்ற ஃபோல்டரில் இருந்தன. அதையும் அதே டிஸ்க்கில் நகலெடுத்தோம்.

இதில் முக்கியமானது மைன்கிராஃப்ட். அது ஸ்டீமில் இல்லை, அதற்கென்று தனி லாஞ்சர், அதாவது கேமை நிறுவித் திறந்துவிடும் நிரல். ஜாவா பதிப்பில் கட்டிய உலகங்கள் இந்தக் கணினியில் மட்டும்தான் இருக்கும். கணக்கில் போய்த் தேடினால் கிடைக்காது. அவனும் தங்கையும் சின்ன வயதிலிருந்து கட்டிய ஒரு ஊர் அதில் இருந்தது. வீடியோவில் தங்கைதான் முதலில் பதறினாள். விண்டோஸ் விசையோடு ஆர் தட்டி, வரும் கட்டத்தில் ஆப்டேட்டா என்று ஆங்கிலத்தில் எழுதி இரண்டு பக்கமும் சதவீதக் குறி போட்டால் மறைந்திருக்கும் ரோமிங் ஃபோல்டர் நேராகத் திறக்கும். அதில் முன்னால் ஒரு புள்ளியோடு மைன்கிராஃப்ட் ஃபோல்டர், அதற்குள் 'சேவ்ஸ்'. ஒவ்வொரு உலகமும் ஒரு ஃபோல்டர், அவர்கள் வைத்த பெயரிலேயே. 'ஆயா ஹவுஸ்' என்று ஒன்று இருந்தது. திறந்து காட்டினேன்: சதுரக் கட்டைகளால் கட்டிய ஒற்றை மாடி வீடு, முன்னால் சிவப்பும் பச்சையுமாகக் கொடிக்கம்பம். இங்கே டர்பனில் பல இந்து வீடுகளின் முற்றத்தில் நிற்கிற ஜண்டா கம்பம்தான் அது. மொத்த ஃபோல்டரும் பெரிய அளவில்லை. பென் டிரைவில் ஒன்று, கூகுள் டிரைவில் ஒன்று என்று இரண்டு பிரதி எடுத்த பிறகுதான் தங்கை கேமராவை விட்டு நகர்ந்தாள்.

இனி பெரியதுகள் போனதும் வேலை முடிந்தது என்றுதான் தோன்றும். விண்டோஸ் ஸெட்டிங்ஸில் 'ஆப்ஸ்' பட்டியலைத் திறந்து பாருங்கள், கூட வந்தவர்கள் இன்னும் உட்கார்ந்திருப்பார்கள். ஜிடிஏவோடு வந்த ராக்ஸ்டார் லாஞ்சர், கால்பந்தோடு வந்த ஈஏ ஆப், இரண்டுமே தனி நிரல்கள். ஸ்டீமில் கேமை எடுத்தால் இவை போகாது, இங்கே வந்துதான் எடுக்க வேண்டும். வாலரண்ட்டும் அப்படியே. கேமை எடுத்த பிறகும் அதன் ஏமாற்றுத் தடுப்பு நிரலான ரையட் வேன்கார்ட் தனியாக இருக்கும், கணினி ஏறும்போதே அதுவும் ஏறும். கீழே மணிக்குப் பக்கத்தில் உள்ள சின்ன ஐகானில் அதை வெளியேற்றிவிட்டு, பிறகு பட்டியலில் எடுக்க வேண்டும்.

ஸ்டீம் மாதிரியே இன்னொரு கேம் கடையான எபிக்கில் இருந்தவற்றில் முக்கால்வாசி அவன் காசு கொடுக்காதவை. அங்கே வாராவாரம் இலவசமாக ஏதாவது கொடுப்பார்கள். இலவசம் என்றால் வாங்கி வைக்கத்தானே தோன்றும். லைப்ரரியில் நூற்றுக்கணக்கில் தெரிந்ததும் நான் பயந்தேன். ஆனால் அது சும்மா பெயர்ப் பட்டியல்தான். 'இன்ஸ்டால்டு' என்று வடிகட்டினால் ஃபோர்ட்நைட்டும் இன்னும் ஓரிரண்டும் மட்டுமே நிஜமாக இருந்தன. பெயருக்குப் பக்கத்தில் மூன்று புள்ளி, அதில் அன்இன்ஸ்டால். முடிந்தது. எபிக் லாஞ்சரையே எடுக்கும்போது அது ஓடிக்கொண்டிருக்கிறது என்று நிறுத்தினால், ஜன்னலை மூடினால் மட்டும் போதாது. மணிக்குப் பக்கத்தில் உள்ள ஐகானில் வலது க்ளிக் செய்து 'எக்ஸிட்' கொடுத்துவிட்டு வர வேண்டும்.

வகுப்புக்கு உதவ வரும் தம்பி ஒருவர் இதற்கெல்லாம் முன்பே ஒரு குறுக்குவழி போட்டிருந்தார். ஸ்டீம் கேம்களை வைத்திருக்கும் 'காமன்' ஃபோல்டருக்குள் போய் ஒரு கேமைக் கையால் அழித்திருக்கிறார். இடம் மிச்சமானது உண்மைதான். ஆனால் பக்கத்தில் இருக்கும் குறிப்பு ஃபைல் அப்படியே இருந்ததால், ஸ்டீம் அந்தக் கேம் இன்னும் இருப்பதாகவே நினைத்துக்கொண்டிருந்தது. அதற்கும் லாஞ்சரிலேயே அன்இன்ஸ்டால் கொடுத்ததும் கணக்கு நேரானது. அழிக்க ஒன்றும் இல்லாவிட்டாலும் பதிவை எடுத்துவிடுகிறது. அதேபோல, லாஞ்சர் வழியாக எடுத்தது ரீசைக்கிள் பின்னுக்குப் போகாது. போனால் போனதுதான், அதனால்தான் சேவ் பற்றி அவ்வளவு நேரம் பேசினோம்.

ஸ்டீமை எடுப்பதைக் கடைசிக்கு வைத்தேன். ஸ்டீமை அன்இன்ஸ்டால் செய்தால் அதன் ஃபோல்டரில் இருக்கும் கேம்களும் சேர்ந்தே போய்விடும். 'அப்படியானால் முதலிலேயே அதைச் செய்திருக்கலாமே' என்று தம்பி கேட்டார். செய்திருக்கலாம், ஜிடிஏவையும் சேர்த்து இழக்கத் தயாராக இருந்தால். லாஞ்சர் போன பிறகு 'காமன்' ஃபோல்டரை ஒருமுறை பார்த்தேன். கேமை மாற்றி ஆடுவதற்காகப் பையன் தனியாகக் கொண்டுவந்து போட்ட மாட் ஃபைல்கள் சில தங்கியிருந்தன. அவற்றைக் கையால் எடுப்பதில் தவறில்லை, கணக்கு வைத்துக் குழம்ப இப்போது ஸ்டீம் இல்லை. டாகுமெண்ட்ஸில் 'மை கேம்ஸ்' என்று ஒன்றும் இருந்தது. அவனுக்குக் காட்டிவிட்டு அதையும் எடுத்தேன். டாஸ்க் மேனேஜரின் 'ஸ்டார்ட்அப்' பக்கத்தில் லாஞ்சர் எதுவும் மிச்சமில்லை என்று பார்த்துக்கொண்டேன். பையன் தன் கைபேசியிலிருந்து இந்தக் கணினிக்குக் கொடுத்த அனுமதியையும் ரத்து செய்தான்.

சிவப்புக் கோடு நீலமானது. நின்றிருந்த விண்டோஸ் அப்டேட் அன்று மாலையே ஏறியது.

பிள்ளைகளுக்கென்று அட்மின் உரிமை இல்லாத ஒரு தனி விண்டோஸ் கணக்கும் போட்டு வைத்தேன். பெரிய லாஞ்சர்களை நிறுவ வேண்டுமானால் அட்மின் பாஸ்வேர்டு கேட்கும், அது கமிட்டி மாமாவிடம் இருக்கிறது. ஆனால் ரோப்ளாக்ஸுக்கு அது வேண்டாமாம். அது அந்தந்தப் பயனரின் ஆப்டேட்டா ஃபோல்டரிலேயே உட்கார்ந்துகொள்ளும். அடுத்த சனிக்கிழமை வந்து பார்த்தால் டெஸ்க்டாப்பில் அதன் ஐகான், சுற்றிலும் ஆறாம் வகுப்புப் பசங்கள். அதற்கு எந்த லாஞ்சரையும் திறக்க வேண்டியதில்லை. ஸெட்டிங்ஸ், ஆப்ஸ், அன்இன்ஸ்டால். "அங்கிள், இடைவேளை வரைக்கும் விடுங்க" என்றார்கள். சரி, இடைவேளை வரைக்கும் விட்டேன்.