எட்டு வரி வசனமும் ஒரு ஜெனரேட்டரும்

முதல் படத்தில் என் வேலை கிளாப் அடிப்பது. காட்சி, ஷாட், டேக் எண்களைப் பலகையில் எழுதி, கேமரா ஓடத் தொடங்கியதும் ஃபிரேமுக்குள் நீட்டி, சத்தமாக வாசித்து, ஒரே அடி அடித்துவிட்டு நடிகரின் பார்வையில் படாத பக்கமாக ஓடி ஒளிய வேண்டும். அந்த அடி எதற்கு என்றே ஒரு வாரம் வரைக்கும் எனக்குத் தெரியாது, ஏதோ சடங்கு என்று நினைத்துக்கொண்டிருந்தேன். படம் ஒரு கருவியில், ஒலி வேறொரு கருவியில் பதிவாகிறது. கட்டைகள் மோதும் அந்த ஒரு ஃபிரேமையும் 'டக்' சத்தத்தையும் எடிட்டில் ஒன்றின்மேல் ஒன்று வைத்தால்தான் உதடும் குரலும் சேரும். நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். இரண்டு மூன்று ஃபிரேம் தள்ளிப்போனாலே ஏதோ உறுத்த ஆரம்பித்துவிடும். முதல் அடி சரியாக விழவில்லை என்று நானாகவே இன்னொரு அடி அடித்து வைத்த நாளில், எது நிஜ அடி என்று தெரியாமல் எடிட்டர் திட்டியது இன்னும் காதில் இருக்கிறது.

அப்புறம் கன்டினியூட்டி நோட்டு, அதாவது ஒரு ஷாட்டில் இருந்தது அடுத்ததிலும் அப்படியே இருக்கிறதா என்று பார்க்கக் குறித்து வைக்கும் நோட்டு, கைக்கு வந்தது. படம் கதை வரிசையில் எடுக்கப்படுவதில்லை என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதான். காலையில் 41ஆம் காட்சி, அதே வீடு என்பதால் மதியம் 7ஆம் காட்சி, அதன் மீதி பத்து நாள் கழித்து. அதனால் சட்டைக் கை எத்தனை மடிப்பு, பை எந்தத் தோளில், எந்தச் சொல்லில் பேனாவைக் கீழே வைத்தார் என்று எல்லாவற்றையும் எழுத வேண்டும். நான் எழுதக் கற்றுக்கொண்டது இந்த நோட்டில்தான். அதுவரை என் ஸ்கிரிப்ட்களில் 'கோபமாக எழுந்து போகிறான்' மாதிரி வரிகளாகவே இருக்கும். நோட்டில் அப்படி எழுத முடியாது. கோபத்தை எப்படிக் கன்டினியூட்டி பார்ப்பது? 'போ' என்ற சொல்லுக்கு முன் நாற்காலியைத் தள்ளினாரா பின் தள்ளினாரா என்பதைத்தான் எழுத முடியும்.

நடுவில் கம்பெனி அறிமுக வீடியோக்கள், வேறு ஒருவர் பெயரில் வெளிவந்த வசனங்கள் என்று சில வருடங்கள் ஓடின. ஒரு படத்தின் பின்பாதியை முழுக்கத் திருத்தி எழுதிக் கொடுத்தும் டைட்டிலில் பெயர் வரவில்லை. யார் என்று சொல்லி இப்போது ஒன்றும் ஆகப்போவதில்லை, விடுங்கள். ஆனால் அதற்குப் பிறகு ஒப்பந்தம் கையில் வராமல் நான் ஒரு பக்கம்கூட எழுதியதில்லை.

என் முதல் குறும்படத்தைக் கேனான் 5டி மார்க் 2 கேமராவில் எடுத்தோம். 2008இல் வந்த அந்த ஸ்டில் கேமரா எங்களை மாதிரிக் கைக்காசு போடுகிறவர்களுக்குப் பெரிய கதவைத் திறந்துவிட்டது என்பார்கள். உண்மைதான், கதவில் ஆணிகளும் இருந்தன. ஆரம்பத்தில் நொடிக்கு 30 ஃபிரேம் மட்டும். 24 வர 2010 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஒரு கிளிப் 4 ஜிபியைத் தொட்டதும், அதாவது ஏறக்குறைய 12 நிமிடத்தில், பதிவு தானாக நின்றுவிடும். நெருக்கமான கோடு போட்ட சட்டை ஃபிரேமில் இருந்தால் கோடுகள் நெளியும். ஹெட்போன் மாட்டவே இடம் கிடையாது, அதனால் ஒலிக்குத் தனிக் கருவி, அதற்கென்று ஒரு ஆள். அந்த அண்ணன் இல்லையென்றால் படமே இல்லை.

கதை இவ்வளவுதான்: அப்பா இறந்த பிறகு வீட்டைக் காலி செய்ய வரும் அண்ணன், தங்கை. கடைசிக் காட்சியில் தங்கை தன்னிடமுள்ள சாவியை அண்ணனிடம் கொடுத்துவிட்டுக் கிளம்புகிறாள். அங்கே எட்டு வரி வசனம். அதை எழுத இரண்டு மாதம் எடுத்துக்கொண்டேன், தனியாக இருக்கும்போது வாய்விட்டுச் சொல்லிப் பார்த்துக் கண்கலங்கியிருக்கிறேன் (இதை எழுத இப்போது கூச்சமாகத்தான் இருக்கிறது).

அந்தக் காட்சி எடுக்கிற மாலையில் பக்கத்துக் கட்டடத்தில் ஜெனரேட்டர் போட்டுவிட்டார்கள். ஜன்னல் வெளிச்சம் இறங்கிக்கொண்டிருக்கிறது, வீடு அன்று இரவு வரைதான் எங்கள் கையில், நடித்த பெண்ணுக்கு மறுநாள் வேறு வேலை, டப்பிங்குக்கும் வர முடியாது. ஒலிப்பதிவு அண்ணன் ஹெட்போனைக் கழற்றிக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, "தம்பி, ஒரு வரிகூடத் தேறாது. படத்தை மட்டும் எடுத்துக்கோ" என்றார். என்னுள் இருந்த எழுத்தாளன் சண்டைக்குத் தயாரானான். இயக்குநருக்குச் சண்டை போட நேரமில்லை, வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது.

அந்தப் பெண்தான் கேட்டார்: "வசனத்தை மனசுக்குள்ள சொல்லிக்கிட்டே செஞ்சுடட்டுமா?"

சரி என்றேன். கிளாப் கட்டைகளுக்கு நடுவே விரலை வைத்துப் பிடித்தோம். இந்த ஷாட்டுக்கு ஒலி இல்லை என்று எடிட்டருக்குச் சொல்கிற வழக்கம் அது. அந்தப் பெண் கொத்திலிருந்து ஒரு சாவியைக் கழற்றப் பார்த்தார். வரவில்லை. அந்த வளையம் நான் அவசரத்தில் வாங்கி வந்தது, விறைப்பாக இருக்கிறதா என்று யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. நகம் வழுக்குகிறது, மறுபடி முயல்கிறார், மறுபடி வழுக்குகிறது. எதிரே நின்றவர் கையை நீட்டியபடி காத்திருந்துவிட்டு, கடைசியில் கொத்தை வாங்கித் தன் கட்டைவிரல் நகத்தால் வளையத்தைப் பிளந்து பிடித்தார். தங்கை சாவியை உருவி அவர் உள்ளங்கையிலேயே வைத்தாள். இரண்டு பேரும் ஒரே வளையத்தைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்தப் பதினைந்து நொடியை நான் எழுதவில்லை. எழுதவும் வந்திருக்காது.

இரவு ஜெனரேட்டர் நின்றதும் ஒலிப்பதிவு அண்ணன் எல்லாரையும் அசையாமல் நிற்கச் சொல்லிக் காலி அறையின் ஒலியை ஒரு நிமிடம் பதிவு செய்தார். ரூம் டோன். அன்று அலுப்பில் எரிச்சலாக இருந்தது. எடிட்டில் அந்த ஒரு நிமிடத்தைக் காட்சிக்கு அடியில் வைத்த பிறகுதான், வசனமில்லாத இடம் ஸ்பீக்கர் கெட்டுப்போன இடம் மாதிரித் தெரியாமல் இரண்டு பேர் பேசாமல் நிற்கிற இடமாகத் தெரிந்தது.

இதிலிருந்து நான் கற்றுக்கொண்டது தப்பான பாடம். வசனமே வேண்டாம் என்று முடிவு செய்து, அடுத்த குறும்படத்தை ஒரு சொல் இல்லாமல் எழுதினேன். 22 நிமிடம். ஆட்கள் ஜன்னலைப் பார்க்கிறார்கள், ஒருவரை ஒருவர் பார்க்கிறார்கள், மறுபடி ஜன்னல். அனுப்பிய விழாக்கள் எல்லாவற்றிலிருந்தும் அச்சடித்த மாதிரி ஒரே பதில். நீளமும் ஒரு காரணம்: ஆஸ்கர் விதி 40 நிமிடம் வரை குறும்படம் என்கிறது, கான் திரைப்பட விழாப் போட்டிக்கு 15 நிமிடத்தைத் தாண்டக் கூடாது, ஆனால் விதி அனுமதிப்பது வேறு, பல குறும்படங்களைச் சேர்த்து ஒரே காட்சியாகப் போடுகிறவர் இரண்டு படத்தின் இடத்தை உங்கள் ஒரு படத்துக்குத் தருவது வேறு. 14 நிமிடமாக வெட்டினேன். அப்போதும் யாரும் எடுக்கவில்லை. அதை நீளத்தின்மேல் போட முடியாது.

அந்த நடிகர்களிடம் நான் எதையும் கொடுக்கவில்லை என்பது ரொம்பத் தாமதமாகத்தான் உறைத்தது. சாவிக் காட்சியில் இருவர் வாயிலும் எட்டு வரி இருந்தது, சொல்லாமல் நின்றார்கள். இதில் சொல்லாமல் விட ஒன்றுமே இல்லை. வெறுமனே நின்றார்கள்.

இப்போது எல்லா வசனத்தையும் எழுதி நடிகர்களிடம் கொடுத்து, ஒத்திகையில் முழுதாகப் பேச வைத்துவிட்டு, ஷூட்டிங் அன்று பென்சிலால் சிலவற்றை அடிக்கிறேன். சில நாள் அடித்ததை மறுபடி சேர்க்கிறேன். போன ஷெட்யூலில் நோட்டு வைத்திருந்த உதவி இயக்குநர் பொறுமை இழந்துபோய், "சார், இந்த நாலு வரி இருக்கா இல்லையா? நான் எதை எழுதிக்கிறது?" என்று கேட்டாள். ரெண்டையும் எழுதிக்கோம்மா என்றேன். முணுமுணுத்துக்கொண்டேதான் எழுதினாள்.