சிரிக்காமலே சிரிக்க வெச்ச மனுஷன்

காலைல நைட் ஷிப்ட் முடிஞ்சு சிங்கப்பூர் எம்ஆர்டி ரயில்ல யீஷூனுக்கு வர்றப்ப போன்ல அந்தக் கால ஹாலிவுட் ஊமைப்பட காமெடியன் பஸ்டர் கீட்டன் படம் பாத்துட்டு வந்தேன், 1928ல வந்த ஸ்டீம்போட் பில் ஜூனியர், அதுல புயல்ல ஒரு வீட்டோட முன்பக்கச் சுவர் அப்படியே இவர் மேல சாயும், மாடி ஜன்னல் ஓட்டை சரியா இவர் நிக்கிற எடத்துல வந்து விழறதால தப்பிப்பார், அது நிஜச் சுவருங்க, இம்மி பிசகியிருந்தா ஆளே காலி. முகத்துல ஒரு சலனம் இல்ல.

1895ல கன்சாஸ்ல பொறந்து, சின்னப் புள்ளையிலயே அப்பா அம்மாகூட மேடையேறி, விழுந்து எந்திரிக்கிறதையே தொழிலா கத்துக்கிட்டவர். 1924 படத்துல தண்ணி டேங்க் குழாய்லேர்ந்து கொட்டின தண்ணி தள்ளி தண்டவாளத்துல விழுந்து கழுத்தெலும்பு முறிஞ்சிருக்கு, அதுவே பல வருஷம் கழிச்சு எக்ஸ்ரே எடுத்தப்பதான் தெரிஞ்சுதாம்! அப்புறம் எம்ஜிஎம்ங்கிற பெரிய ஸ்டூடியோவுக்குப் போனதுல சொந்த படத்து மேல இருந்த பிடி போயி, குடி, கஷ்டம்... 1960லதான் கௌரவ ஆஸ்கர். எனக்கு அது ரொம்ப லேட்டாதான் படுது.

பக்கத்து சீட்ல எட்டிப் பாத்துட்டே வந்த தாத்தா, காதிப் ஸ்டேஷன்ல எறங்குறப்ப "தம்பி, அந்தாளு பேரென்னப்பா?"ன்னு கேட்டாரு. ரெண்டு தடவ சொன்னேன்.