திரையில் 7, காற்றில் வேறு: சிகாகோவில் ஆன்டெனா வைத்துச் சேனல் பிடித்த அனுபவம்

சிகாகோவில், அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனமான ஏபிசியின் நிலையம் டபிள்யூ.எல்.எஸ். யாருக்கும் 7-ஆம் சேனல்தான். அனலாக் காலத்திலும் 7, இன்றைக்கும் திரையில் 7.1. ஆனால் அதன் டிஜிட்டல் ஒளிபரப்பு முதலில் வந்தது 52-இல். பிறகு 7-க்குப் போனது, அங்கிருந்து 44, இப்போது 22. திரையில் காட்டும் எண் பெயர் மாதிரி, மாறாது. காற்றில் அலை வரும் சேனல் எண் மாறிக்கொண்டே இருக்கும். இது புரிந்த பிறகுதான் எங்கள் வீட்டில் எல்லாச் சேனலும் ஒழுங்காக வர ஆரம்பித்தன.

நாங்கள் இருப்பது நேப்பர்வில், நகர மையத்துக்கு மேற்கே சுமார் 45 கி.மீ. பெரிய நிலையங்கள் வில்லிஸ் டவரின் உச்சியிலிருந்தோ ஹான்காக் கட்டடத்தின் உச்சியிலிருந்தோ ஒளிபரப்புகின்றன. அதனால் ஆன்டெனாவைக் கிழக்கே திருப்பினால் திசை பற்றிக் கவலை இல்லை. கேபிள் கட்டணம் மிச்சம் என்பதோடு, டொர்னாடோ எச்சரிக்கை வரும் இரவுகளில் உள்ளூர் நிலையம் நேரடியாகக் கிடைப்பது எனக்கு முக்கியமாகப் பட்டது.

அமெரிக்காவில் முழுத்திறன் நிலையங்கள் அனலாக்கை நிறுத்தி டிஜிட்டலுக்கு மட்டும் மாற முதலில் குறித்த நாள் 2009 பிப்ரவரி 17. டிஜிட்டல் அலையைப் பழைய டிவிக்கு ஏற்ப மாற்றித் தரும் கன்வெர்ட்டர் பெட்டி வாங்க அரசு வீட்டுக்கு இரண்டு வரை 40 டாலர் கூப்பன் கொடுத்தது. ஜனவரியில் அதற்கான பணம் தீர்ந்துபோய்க் காத்திருப்போர் பட்டியல் வந்தது. நாடாளுமன்றம் தேதியை ஜூன் 12-க்குத் தள்ளிவைத்தது. எங்களுக்கும் அந்த அவகாசத்தில்தான் கூப்பன் வந்தது. கிரெடிட் கார்டு அளவில் ஒரு பிளாஸ்டிக் அட்டை, 90 நாளில் காலாவதி.

ஜூன் 12 தாண்டி, சேனல்களைத் தேடிப் பட்டியலிடும்படி பெட்டியில் ஸ்கேன் செய்தபோது 5, 9, 11, 32 எல்லாம் பளிச்சென்று வந்தன. 2-உம் 7-உம் மட்டும் இல்லை. பக்கத்து வீட்டில் தனியாக இருந்த மூதாட்டியும் அன்று மாலையே வந்து, “7 எங்கே போனது?” என்று கேட்டார். ஓப்ரா வின்ஃப்ரி நிகழ்ச்சி வருவது அதில்தான். அவருக்கு டிவி என்றாலே 7.

காரணம் இதுதான். 52 முதல் 69 வரையிலான சேனல்களை அரசு திரும்ப எடுத்துக்கொண்டதால் 52-இல் இருந்த டபிள்யூ.எல்.எஸ். இடம் மாறியாக வேண்டும். அனலாக் நின்று காலியான தன் பழைய 7-க்கே அது திரும்பியது. சிபிஎஸ் நிலையமான டபிள்யூ.பி.பி.எம். திரையில் 2. அதன் டிஜிட்டல் அலை 3-இலிருந்து 12-க்குப் போனது. கன்வெர்ட்டர் பெட்டியோ 7.1 என்றால் 52 என்ற பழைய கணக்கையே நினைவில் வைத்திருந்தது. இதற்கு இரட்டை ஸ்கேன் என்று ஒரு வழி உண்டு. ஆன்டெனா கேபிளைக் கழற்றிவிட்டு ஒரு முறை ஸ்கேன் செய்ய வேண்டும், எதுவும் கிடைக்காமல் பழைய பட்டியல் அழிந்துவிடும். பெட்டியின் மின்இணைப்பையும் கொஞ்ச நேரம் பிடுங்கிவைத்து, கேபிளை மாட்டி மறுபடி ஸ்கேன் செய்தால் புதிதாகப் படித்துக்கொள்ளும். எங்கள் பெட்டியில் 2.1-உம் 7.1-உம் அப்படித்தான் பட்டியலுக்கு வந்தன.

வந்தன, ஆனால் நிற்கவில்லை. முகம் கட்டம் கட்டமாக உடையும், ஒலி அறுந்து அறுந்து வரும், அப்புறம் திரை கறுப்பு. அனலாக்கில் புள்ளி புள்ளியாகவாவது படம் தெரியும். டிஜிட்டலில் அலை ஒரு குறிப்பிட்ட அளவுக்குக் கீழே போனால் ஒன்றுமே கிடையாது.

இங்கேதான் காற்றில் வரும் எண் முக்கியமாகிறது. 2 முதல் 13 வரை நீண்ட அலைகளான வி.எச்.எஃப்., 14 முதல் மேலே குறுகிய அலைகளான யு.எச்.எஃப். ஒழுங்காக வந்த 5, 9, 11, 32 நான்கும் உண்மையில் யு.எச்.எஃப்.-இல் இருந்தவை: 29, 19, 47, 31. ஆன்டெனா ஏறக்குறைய அலைநீளத்தில் பாதி இருந்தால் அலையை நன்றாகப் பிடிக்கும். அவற்றின் அரை அலைநீளம் சுமார் ஒரு சாண். காற்றில் 7-ஆம் சேனலுக்கு, அதாவது 174 முதல் 180 மெகாஹெர்ட்ஸுக்கு, அரை அலைநீளம் 85 செ.மீ., கிட்டத்தட்ட இரண்டு முழம். கடையில் ‘டிஜிட்டல் ஆன்டெனா’ என்று எழுதி விற்ற சிறிய வளையம் அந்த நீளத்துக்கு எட்டாது. மூதாட்டியின் அலமாரியில் அனலாக் காலத்து இரட்டைக் கம்பி ஆன்டெனா ஒன்று கிடந்தது. கம்பிகள் ஒவ்வொன்றையும் ஒரு முழத்துக்கு இழுத்துப் படுக்கைவாட்டில் விரித்து, ஜன்னலோரம் வைத்தோம். பெட்டியின் மெனுவில் சிக்னல் அளவுகோல் மேலே ஏறி அப்படியே நின்றது. 7-உம் வந்தது.

எங்கள் வீட்டில் வி.எச்.எஃப்., யு.எச்.எஃப். இரண்டுக்கும் பொதுவான ஆன்டெனாவைப் பரணில் கட்டி, ஆர்ஜி-6 கேபிளைக் கீழே இறக்கினேன். பரணில் அலுமினியத் தாள் ஒட்டிய இன்சுலேஷன் இருந்தால் இது வேலைக்கு ஆகாது, வெளியேதான் கட்ட வேண்டும். பின்னாளில் கராஜில் எல்இடி விளக்குகளை மாற்றிய பிறகு 2 மட்டும் சில மாலைகளில் உடைந்தது. விளக்கை அணைத்தால் சரியாகிவிடும். மலிவான எல்இடிகளின் மின்னிரைச்சல் வி.எச்.எஃப்.-ஐத்தான் அதிகம் தாக்குகிறது. வேறு விளக்கு போட்டதும் தொல்லை நின்றது.

7 வரவில்லை என்று சிகாகோ முழுக்க ஆயிரக்கணக்கானோர் புகார் செய்திருந்தார்கள். டபிள்யூ.எல்.எஸ். 44-இலும் ஒளிபரப்ப அனுமதி வாங்கி, அந்த ஆண்டு முடிவதற்குள் அங்கேயே குடியேறியது. மறுபடி ஸ்கேன்.

அதுவும் நிரந்தரமில்லை. 2017-இல் முடிந்த ஏலத்தில் 600 மெகாஹெர்ட்ஸ் பகுதி, அதாவது 38 முதல் 51 வரையிலான சேனல்கள், செல்போன் நிறுவனங்களுக்குப் போயின. நாடு முழுக்க 987 நிலையங்கள் பத்துக் கட்டங்களாக இடம் மாறின. 2020 ஜூலையில் வேலை முடிந்தது. அப்போது டபிள்யூ.எல்.எஸ்.-இன் 44 போய் 22 ஆனது. பொதுத் தொலைக்காட்சியான 11, 47-இலிருந்து 25-க்கு வந்தது. 29-இல் இருந்த 5 கூட, மற்றவர்களுக்கு இடம் ஒழுங்கு செய்வதற்காக 33-க்கு நகர்ந்தது. இந்த முறை நிலையங்கள் முன்கூட்டியே திரையில் அறிவித்ததால் வீட்டில் சிரமமே இல்லை. இரட்டை ஸ்கேன் செய்தேன், எல்லாம் அந்தந்த எண்ணிலேயே வந்து உட்கார்ந்தன.

2 மட்டும் காற்றில் 12-லேயே இருந்துவிட்டது. சிகாகோ பக்கம் புதிதாக வருபவர்கள் மெல்லிய தாள் ஆன்டெனாவை ஜன்னலில் ஒட்டிவிட்டு, எல்லாம் வருகிறது, 2 மட்டும் வரவில்லை என்று என்னிடம் கேட்பது இதனால்தான். வாங்குவதற்கு முன், ஒளிபரப்பை ஒழுங்குபடுத்தும் அமெரிக்க அரசு ஆணையமான எஃப்.சி.சி. இணையதளத்தின் டிவி வரைபடத்தில் உங்கள் முகவரியைப் போட்டுப் பாருங்கள். நிலையத்தின் பெயரை அழுத்தினால் காற்றில் வரும் சேனல் எண்ணும் தெரியும். அது 13 அல்லது அதற்குக் கீழே என்றால், அட்டையில் வி.எச்.எஃப். என்று தெளிவாக எழுதியிருக்கும் ஆன்டெனாவாக வாங்குங்கள்.