பாட்டியின் துணி

தொளதொளத்த டி-ஷர்ட், வெள்ளை ஷூ, இடுப்பில் பழுப்பு நிற பாத்திக் துணி. இன்று மாலை ஜகார்த்தாவின் டுக்கு அத்தாஸ் மெட்ரோ நிலையத்தில் என் முன்னால் நின்றாள் அந்தப் பெண்.

முடிச்சுக்குப் பக்கத்தில் ஒரு கிழிசல். வேறு நிற நூலில் பொறுமையாகத் தைத்திருந்தது.

நான் பார்ப்பதைக் கவனித்து, "பாட்டியுடையது" என்று சிரித்தாள்.

'பெர்காயின்' என்கிறார்கள் இதை. துணி உடுத்துதல், அவ்வளவுதான் பொருள். கல்யாணத்துக்கு என்று அலமாரியில் மடித்து வைத்திருந்ததை இந்தப் பிள்ளைகள் காப்பிக் கடைக்கும் ரயிலுக்கும் கட்டி வருகிறார்கள். எவ்வளவு அழகு!

2009-இல் பாத்திக், 2024-இல் இதோடு பெண்கள் அணியும் மேல்சட்டையான கெபாயா என யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் இரண்டுமே ஏறிவிட்டன. மகிழ்ச்சிதான்.

எனக்கென்னவோ, ரயில் வந்ததும் இரண்டு விரலால் கொசுவத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவள் ஓடிய ஓட்டம்தான் கண்ணிலேயே நிற்கிறது.