அம்மா ஊற்றிய ஒரு வாளித் தண்ணீர்

சிங்கப்பூரில் நிரந்தரவாசியாகி மூன்று வருடம் ஆன பிறகுதான் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) மறுவிற்பனை வீடு வாங்க விடுவார்கள். காத்திருந்து ஈசூனில் ஒன்று வாங்கினோம். வீட்டில் எல்லாம் சரி, தரை டைல்ஸ் மட்டும் கண்ணுக்குப் பிடிக்கவில்லை. உடைத்து எடுக்கப் போனால் அனுமதி, தூசி, செலவு. அதன் மேலேயே லேமினேட், அதாவது மரம் போலத் தெரியும் பலகை, போட்டுவிடலாம் என்றார் மச்சான்.

கூலிக்கு ஆள் வைக்கவில்லை, நாங்களே இறங்கினோம். பெட்டிகளை இரண்டு நாள் கூடத்தில் படுக்க வைத்தோம், வீட்டுக் காற்றுக்குப் பலகை பழக வேண்டுமாம். கீழே 2 மி.மீ. நுரை விரிப்பு, அதன் மேல் 12 மி.மீ. பலகை. பசை, ஆணி எதுவும் கிடையாது. ஒன்றின் ஓரத்தை இன்னொன்றில் சாய்த்து அழுத்தினால் 'டக்' என்று பூட்டிக்கொள்ளும்.

சுவரோரம் சுற்றிலும் 10 மி.மீ. விட்டோம். "இது எதுக்கு மாப்ள, கரப்பான் குடியிருக்கவா?" என்றார் மச்சான். பலகையின் உள்ளே இருப்பது மரநாரை அழுத்திச் செய்த அட்டை. சிங்கப்பூரின் ஈரக்காற்றில் அது விரியும். விரிய இடமில்லாவிட்டால் நடுக்கூடத்தில் மேடு கட்டிவிடும். இடைவெளியை ஸ்கர்ட்டிங், அதாவது சுவரடியில் ஒட்டும் பட்டை, மறைத்துக்கொண்டது. ஞாயிற்றுக்கிழமை புதுப்பிப்பு வேலை கூடாது என்பதால் இரண்டு சனிக்கிழமைகள் ஓடின. எல்லாம் முடிந்து பார்த்தால் அறைக் கதவு மூடவில்லை! தரை உயர்ந்ததை யாரும் யோசிக்கவில்லை. கதவைக் கழற்றி அடியில் இழைத்தோம்.

பால் காய்ச்ச திண்டுக்கல்லிலிருந்து அம்மா வந்தார். முதல் வெள்ளிக்கிழமை, நான் வேலைக்குப் போன நேரத்தில், ஊரில் செய்வது போலவே ஒரு வாளித் தண்ணீரை ஊற்றிக் கூடத்தைக் கழுவிவிட்டார். துடைக்கத்தான் செய்தார். ஆனாலும் இணைப்புகளில் இறங்கிய தண்ணீர் இறங்கியதுதான். இரண்டே நாளில் நான்கு பலகைகளின் ஓரம் அப்பளமாக உப்பிவிட்டது.

"தண்ணி படக் கூடாதுன்னா அது என்னடா தரை?" என்றார். என்னிடம் பதில் இல்லை. வாங்கும்போதே ஈரம் தாங்கும் வினைல் (பிளாஸ்டிக் தரைவிரிப்பு) போட்டிருக்கலாம்.

நல்லவேளை, உப்பியவை சுவர்ப் பக்கத்தில்தான் இருந்தன. ஸ்கர்ட்டிங்கைக் கழற்றி, இரண்டு வரிசை பிரித்து, மீந்த பெட்டியிலிருந்து மாற்றினோம். இப்போது அம்மா துணியை நன்றாகப் பிழிந்துதான் கூடத்தைத் துடைக்கிறார். வெள்ளிக்கிழமை மட்டும் வாளியோடு குளியலறைக்குள் போய்விடுகிறார். அரை மணி நேரம் உள்ளே தண்ணீர்ச் சத்தம்தான்.