உதகைக் குளிரில் தாடி ஓணானின் உறக்கம்

தாடி ஓணான் வளர்ப்பவர்கள் சமவெளியிலிருந்து மலைக்குக் குடிபெயரும்போது, அந்தப் பிராணியின் முதல் குளிர்காலம் எப்படி இருக்கும் என்று தெரிந்துகொண்டு வருவது அவசியம் என்பதால் இதை எழுதுகிறேன். கோயம்புத்தூரில் இருந்தவரை எங்கள் சேது ஒரு முறைகூடக் குளிர்கால உறக்கத்துக்குப் போனதில்லை. பணிமாற்றலில் உதகைக்கு வந்து காந்தல் பக்கம் வீடு பிடித்த அதே ஆண்டின் கார்த்திகைக் கடைசியில் அது உறங்கத் தொடங்கி, மாசி பிறந்த பிறகுதான் முழுமையாக விழித்தது. இடைப்பட்ட காலம் முழுவதும், அது உயிரோடுதான் இருக்கிறதா என்ற கவலை வீட்டில் எல்லோருக்கும் இருந்தது.

கடைகளில் பியர்டட் டிராகன் என்று விற்கப்படும் இந்த ஓணானின் தாய்நிலம் ஆஸ்திரேலியாவின் வறண்ட உள்நாட்டுப் பகுதி. வீடுகளில் வளர்பவை பல தலைமுறைகளாகக் கூண்டிலேயே பிறந்தவற்றின் வழிவந்தவை என்றாலும், குளிர் வந்தால் ஒடுங்கும் இயல்பு அவற்றிடம் அப்படியே இருக்கிறது. ஆஸ்திரேலியாவின் நடுவே இருக்கும் ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் நகரில் ஜூலை மாதத்துப் பகல் 20 டிகிரி செல்சியஸை ஒட்டியும் இரவு 4 டிகிரியை ஒட்டியும் இருக்கும். உதகையின் ஜனவரியும் ஏறக்குறைய அதே அளவுதான். அதைப் பார்த்துவிட்டு, இந்த ஊர்க் குளிர் அதற்குப் பழக்கமானதுதானே என்று முடிவுகட்டிவிடக் கூடாது. அங்கே காற்றில் ஈரம் இல்லை. பகல் வெயில் மண்ணைச் சூடாக்குகிறது. ஓணான் மண்ணுக்குள்ளோ சருகுக்குள்ளோ புகுந்து கிடக்கிறது. இங்கே ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்வதற்குள் சுவரெல்லாம் ஈரம் ஏறி, அலமாரித் துணியில் பூசணம் பிடித்துவிடும். குளிரோடு ஈரமும் சேர்ந்தால் ஓணானுக்குச் சுவாசத் தொற்று வருவது மிக எளிது. நான் கற்றுக்கொண்டவற்றுள் முதன்மையானது இதுதான்: உதகையில் உறங்கும் ஓணானுக்குக் குளிர்ச்சியைத் தேடித் தர வேண்டியதில்லை, அதன் இடம் காய்ந்திருக்கிறதா, வெப்பம் ஓர் எல்லைக்குக் கீழே இறங்காமல் இருக்கிறதா என்பவற்றைத்தான் நாள்தோறும் பார்க்க வேண்டும்.

உண்மையான உறக்கத்துக்கு முன்பே ஆடி மாதத்தில் ஒரு முறை சேது முடங்கியது. தென்மேற்குப் பருவமழையில் பல நாட்கள் வெயிலே வராத சமயம் அது. இரை வைத்தால் பார்த்துக்கொண்டே இருக்கும், வாய் திறக்காது; விளக்கடியில் படுத்தாலும் உடம்பு வெளிறாமல் கறுத்தே இருக்கும். தொலைபேசியில் பேசிய கோயம்புத்தூர்க் கால்நடை மருத்துவர், வெயில் காயும் கல்லின் மேல் வெப்பத்தை அளந்து சொல்லும்படி முதலில் கேட்டார். சமவெளியில் 40 டிகிரி தந்த அதே விளக்கு, இங்கே அறையே 14 டிகிரியில் இருந்ததால் 31 டிகிரியைத் தாண்டவில்லை. அதிக வாட் விளக்கை மாட்டி, கண்ணாடித் தொட்டியின் மூன்று பக்கமும் தெர்மாகோல் அட்டை ஒட்டி, கல்லின் மேல் 40 டிகிரி வந்ததும், ஒரு வாரத்துக்குள் அது பழையபடி சாப்பிட ஆரம்பித்தது. சூட்டைச் சரிசெய்ததும் தெளிந்துவிட்டால் அது வெறும் குளிர் முடக்கம். எல்லாச் சூடும் சரியாக இருந்தும் ஓணான் தானாகவே இருட்டைத் தேடிப் போனால்தான் அதை உறக்கம் என்று கொள்ள வேண்டும். மலையில் வளர்ப்பவர்களுக்கு இந்த வேறுபாடு மிக முக்கியம். செரிமானத்துக்கே சூடு போதாமல் கிடக்கும் ஓணானை, உறங்குகிறது என்று நினைத்து விட்டுவிட்டால் அது மெல்ல மெல்ல நலிந்துபோகும்.

கார்த்திகையில் நடந்தது வேறு விதம். கல்லின் மேல் வேண்டிய சூடு இருந்தது. விளக்கும் நேரத்துக்கு எரிந்தது. ஆனாலும் சேது நண்பகலிலேயே கல்லைவிட்டு இறங்கி, மறைவிடமாக வைத்திருந்த மரப்பட்டைக்கு அடியில் போய், முகத்தை மூலையில் திருப்பிவைத்துப் படுத்துக்கொண்டது. செம்பருத்திப் பூவைக் கண்டால் ஓடிவரும் பிராணி, அதை மோந்துகூடப் பார்க்கவில்லை. உதகையில் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் ஒன்றரை மணி நேரம்கூட வித்தியாசம் இல்லாததால், பகல் சுருங்குவதைவிட இரவுக் குளிர் இறங்கியதுதான் அதைத் தூண்டியிருக்கும் என்று நினைக்கிறேன்.

உறங்கவிடலாமா என்பதை நாமாகத் தீர்மானிக்கக் கூடாது. ஒரு வயது நிரம்பாத குட்டியையும், இளைத்திருக்கும் ஓணானையும், நோயுள்ளதையும் உறங்கவிடாமல், சூட்டையும் வெளிச்சத்தையும் குறைக்காமல் விழிப்பிலேயே வைத்திருக்க வேண்டும். சேதுவுக்கு ஒரு வயது தாண்டியிருந்தது. வாலின் அடிப்பகுதியும் தலையின் மேல்புறமும் நல்ல சதைப்பற்றோடு இருந்தன. எஞ்சியிருந்தது குடற்புழுச் சோதனை. காலையில் போட்ட எச்சத்தை மூடியுள்ள சிறு டப்பாவில் எடுத்து, உள்ளூர்க் கால்நடை மருத்துவமனையிலேயே கொடுத்தோம். மாட்டுச் சாணத்தில் புழு முட்டை பார்க்கும் அதே நுண்ணோக்கி இதற்கும் போதும். முடிவை வாட்ஸ்அப்பில் அனுப்பியதும் கோயம்புத்தூர் மருத்துவர், காக்சிடியா என்ற குடல் ஒட்டுண்ணி இல்லை, ஊசிப்புழு முட்டை மிகச் சிலவே என்பதால் மருந்து வேண்டாம், எடை மட்டும் குறையாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். உடலின் எதிர்ப்பாற்றல் தணிந்திருக்கும் உறக்க காலத்தில் இந்த ஒட்டுண்ணிகள் பெருகினால், ஓணான் எழும்போது எலும்பும் தோலுமாகத்தான் எழும்.

அடுத்து வயிற்றைக் காலியாக்க வேண்டும். இதில் அவசரப்படுவது உயிருக்கே ஆபத்து. ஓணானின் குடல் வேலை செய்வதற்கு வெளிச்சூடு வேண்டும். தின்றது செரிக்காத நிலையில் உடம்பு குளிர்ந்தால், உள்ளிருக்கும் உணவு அழுகிப் பிராணியே இறந்துபோகலாம். ஆகவே அது உணவை மறுக்கத் தொடங்கியவுடனே விளக்கை அணைக்காமல், இரை எதுவும் வைக்காமல், இரண்டு வாரம் முழுச் சூட்டிலேயே வைத்திருந்தோம். இடையிடையே வெதுவெதுப்பான தண்ணீரை ஓர் அகலத் தட்டில் அதன் முழங்கை நனையும் அளவுக்கு மட்டும் ஊற்றி, சில நிமிடம் இறக்கிவிட்டோம். முதலில் வெள்ளைச் சுண்ணாம்பு போன்ற சிறுநீர்க் கட்டியோடு கறுப்பு எச்சமும், சில நாள் கழித்து வெள்ளைக் கட்டி மட்டும் தனியாகவும் வந்தன. அதற்குப் பிறகுதான் விளக்கு எரியும் நேரத்தை ஒவ்வொரு மணி நேரமாகக் குறைத்து, கடைசியில் நிறுத்தினோம்.

படுக்கைக்கு மரப்பெட்டி ஒன்றைத் தச்சரிடம் சொல்லிச் செய்து, பழைய பருத்தித் துணிகளை அடியில் பரப்பி, தொட்டிக்குள்ளேயே வைத்தோம். தொட்டி இருந்த இடத்தையும் மாற்ற வேண்டியிருந்தது. வெளிச்சுவரை ஒட்டிய அறையில் ஈரப்பதமானி 80 சதவீதத்துக்கு மேல் காட்டியதால், சமையலறைக்குப் பின்சுவராக இருக்கும் நடு அறைக்கு நகர்த்தினோம். அடுப்பெரியும் சுவர் என்பதால் அங்கே எப்போதும் கொஞ்சம் காய்ந்தே இருக்கும். உறங்கும் இடம் 15 முதல் 20 டிகிரிக்குள் இருக்க வேண்டும் என்பது மருத்துவர் சொன்ன அளவு. அறை அதற்குக் கீழே இறங்கும் இரவுகளுக்காக, வெளிச்சம் தராத செராமிக் ஹீட்டரைத் தெர்மோஸ்டாட்டோடு இணைத்து 16 டிகிரியில் வைத்தோம்.

பக்கத்து வீட்டுப் பாட்டி அக்கறையோடு ஒரு யோசனை சொன்னார்: "ராத்திரிக்கு ஒரு சட்டி கங்கு வச்சு கதவைச் சாத்திடு கண்ணு, சூடு அப்படியே நிக்கும்." மலையில் பலரும் செய்வதுதான், ஆனால் மூடிய அறையில் கரி எரிந்தால் கார்பன் மோனாக்சைடு சேர்ந்து தூங்குபவர்களின் உயிரையே பறித்துவிடும். ஓணானுக்காகவோ மனிதர்களுக்காகவோ அதைச் செய்யவே கூடாது என்பதை அவரிடம் பக்குவமாக எடுத்துச் சொன்னேன்.

மார்கழியில் நீர்ப்பனி போய் உறைபனி விழத் தொடங்கியது. ஒரு நாள் பின்னிரவில் மின்சாரம் நின்று, விடியும்போது பெட்டிக்குள் வெப்பமானி 11 டிகிரி காட்டியது. வெந்நீர்ப் பையைத் தடித்த துண்டில் சுற்றிப் பெட்டியின் வெளிப்பக்கம் சாய்த்து, மேலே கம்பளியைப் போர்த்திக் காற்றுக்கு மட்டும் வழி விட்டதில், இரண்டு மணி நேரத்தில் 15 டிகிரிக்கு வந்தது. வேகமாகச் சூடேற்றுவது நல்லதல்ல என்பதால் பையை உள்ளே வைக்கவில்லை. அன்றே ஹீட்டருக்கென்று ஓர் இன்வெர்ட்டர் இணைப்பு எடுத்துவிட்டோம். மலையில் குளிர்காலத்தைக் கடக்க நினைக்கும் எவரும் இந்தச் செலவைத் தவிர்க்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

எடை பார்ப்பது மகளின் பொறுப்பு. சமையலறை எடை மெஷினில் ஒரு கிண்ணத்தை வைத்து, அதில் துணியோடு சேதுவை ஏந்தி வைத்து, நோட்டில் எழுதிக்கொள்வாள். உறங்கும் முன் 412 கிராம். ஒவ்வொரு வாரமும் ஓரிரு கிராம் குறையும். அடிவயிற்றில் இரு புறமும் சேமித்து வைத்திருக்கும் கொழுப்பைத்தான் அது மெல்லச் செலவழிக்கிறது. பத்து சதவீதத்தை நெருங்கினால் உடனே சூடேற்றி எழுப்பி மருத்துவரிடம் போக வேண்டும் என்பதால், 375 என்ற எண்ணை நோட்டின் முதல் பக்கத்திலேயே சிவப்பு மையில் எழுதி வைத்திருந்தாள். எடை அந்த எல்லையை நெருங்கவே இல்லை. மிகக் குறைந்தது 397தான்.

கையில் எடுக்கும்போது கவனிக்க வேண்டியவை சில உண்டு. உறங்கும் ஓணான் குளிர்ந்திருந்தாலும் தசையில் இறுக்கம் இருக்கும், துவண்டு தொங்காது. கண் உள்ளே குழிந்திருந்தாலோ, வாயைத் திறந்து மூச்சு வாங்கினாலோ, மூக்கில் சளிக் குமிழ் தெரிந்தாலோ அது உறக்கமல்ல, நோய். உச்சந்தலையில் செதில்களுக்கு நடுவே ஒளியை மட்டும் உணரும் மூன்றாவது கண் ஒன்று இருப்பதால், மேலிருந்து டார்ச் அடிக்காமல், அறை விளக்கின் மங்கிய வெளிச்சத்தில் பக்கவாட்டிலிருந்தே பார்த்தோம்.

அதன் கனவில் என்ன வரும் என்று மகள் ஒரு நாள் கேட்டாள். ஜெர்மனியின் ஃபிராங்க்ஃபர்ட்டில் உள்ள மாக்ஸ் பிளாங்க் மூளை ஆய்வு நிறுவனத்தினர், இதே இன ஓணானின் இரவுத் தூக்கத்திலும் ஆழ்ந்த தூக்கக் கட்டமும் விழிகள் அசையும் கட்டமும் மாறி மாறி வருவதை 2016இல் வெளியிட்ட செய்தியை அவளுக்குச் சொன்னேன். குளிர்கால ஒடுக்கம் அந்த இரவுத் தூக்கம் போன்றதல்ல என்பதையும் சேர்த்தே சொன்னேன். இந்த ஒடுக்கத்தில் இடையிடையே விழிப்பு வரும். அப்படி ஒரு மதியம் சேது ஒரு கண்ணை மட்டும் பாதி திறந்து எங்களைப் பார்த்தது. வெதுவெதுப்பான தண்ணீரை இங்க் ஃபில்லரில் எடுத்து மூக்கு நுனியில் ஒரு சொட்டு விட்டோம். சொட்டு உதட்டோரமாக வழிந்து இறங்கியது. சற்று நேரம் அசைவில்லை. பிறகு இளஞ்சிவப்பு நாக்கின் நுனி மட்டும் வெளியே வந்து அதை நக்கியது. அப்படியே ஏழெட்டுச் சொட்டுக் குடித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது. வாயைப் பிளந்து தண்ணீர் ஊற்றவே கூடாது. மூச்சுக் குழாய்க்குள் போய்விடும். தண்ணீர்க் கிண்ணமும் மிகத் தாழ்வானதாக இருக்க வேண்டும். அரைத் தூக்கத்தில் முகம் கவிழ்ந்தால் எழ வலுவிருக்காது.

மாசி முதல் வாரத்தில் அது தானாகவே பெட்டியைவிட்டு வெளியே வந்து, அணைந்திருந்த விளக்குக்குக் கீழே உட்கார்ந்திருந்தது. அன்று நான்கு மணி நேரம் மட்டும் விளக்கைப் போட்டு, ஒன்றரை வாரத்தில் பன்னிரண்டு மணி நேரத்துக்குக் கொண்டுவந்தோம். வெதுவெதுப்பான குளியலுக்குப் பிறகு நிறையத் தண்ணீர் குடித்தது. பசி வந்தவுடன் புழுக்களை அள்ளி வைக்காமல், நறுக்கிய முருங்கைக் கீரையும் துருவிய பூசணியும் கொஞ்சமாகக் கொடுத்து, முதல் எச்சம் வந்த பிறகே கால்சியம் பொடி தூவிய சிள்வண்டுகளைக் கொடுத்தோம். அந்த எச்சத்தையும் சோதனைக்கு அனுப்பினோம். முன்பிருந்த ஊசிப்புழு முட்டைகள் கூடவில்லை. ஓராண்டு எரிந்த புற ஊதா குழல்விளக்கில் வெளிச்சம் குறையாமல் தெரிந்தாலும் கதிர் குறைந்திருக்கும் என்பதால், அதையும் அப்போதே மாற்றினோம்.

இப்போது பங்குனி வெயிலில் காலை நேரத்தில் கம்பிக் கூண்டோடு முற்றத்தில் வைக்கிறோம். கூண்டின் பாதிக்கு நிழல் விழும்படி சாக்கு போடுகிறோம்; இந்த உயரத்தில் காற்று குளிர்ந்திருந்தாலும் வெயில் சுள்ளென்று ஏறும். கூண்டுக்கு வெளியே விடுவதில்லை. மேற்குத் தொடர்ச்சி மலைக்கு மட்டுமே உரிய சாலியா இன ஓணான்கள் எங்கள் வேலிப் புதரிலேயே இருக்கின்றன. வெளிநாட்டுப் பிராணி ஒன்றின் எச்சத்திலிருந்து ஒட்டுண்ணி எதுவும் அவற்றுக்குப் போய்விடக் கூடாது என்பதால், கூண்டின் அடியில் தட்டு வைத்து, அதைக் கழுவும் தண்ணீரையும் கழிவறையில்தான் கொட்டுகிறோம்.